தேன்நாட்டுச் சிறுவரும் சீனி மிட்டாயும்

மட்டக்களப்பை ‘மீன்பாடும் தேன்நாடு’ என்று வழங்குதல் ஈழத்தில் யாவரும் அறிந்ததே. நிலாக்கால இரவுகளில் வாவியினின்றும் எழும் இன்னொலி முன்னைய அடைமொழியைத் தந்தது. காட்டு மரங்களின் பொந்துகளிலும் கிளைகளிலும் நிறைந்திருந்த தேன் பின்னையதைத் தந்தது. அத்தேன்நாட்டின் வடகோடியில், மட்டக்களப்பு நகரிலிருந்து 60 கிலோமீற்றருக்கு அப்பால் அமைந்துள்ளது வாகரை. கிழக்கே வங்கக் கடல், மேற்கே களப்பும் காடும், தெற்கே பனிச்சங்கேணி, வடக்கே மகாவலியின் கிளையாகிய வெருகல் ஆறு. இயற்கையே இனிப்பை வாரி வழங்கிய இத்தகைய நாட்டிலும், முதியோரை அழைத்து அவர்தம் இளமைக் காலத்து இன்சுவை எதுவென வினவினால், தேனோடு சேர்த்துத் தோடம்பழ இனிப்பையும், புல்டோவையும், தும்பு முட்டாசையும் அவர்கள் சொல்லக் கேட்கலாம். தேன் நிறைந்த நாட்டிற் சீனி மிட்டாய் எவ்வாறு புகுந்தது? ஒரு சதத்துக்கும் இரண்டு சதத்துக்கும் விலைபோன அச்சிறு பொருள் அரை நூற்றாண்டு கழிந்தும் நாவினின்றும் நெஞ்சினின்றும் அகலாதிருப்பது எதனால்? வரலாற்றின் துணைகொண்டு ஆராயத்தக்க வினாக்களே இவை.

சீனி வருமுன் இப்பகுதியில் இனிப்பென்றால் அது தேனே. மரப்பொந்தில் அடைவைக்கும் தேனீயும், உயர்ந்த கிளையிலும் பாறையிலும் பேரடை கட்டும் மலைத்தேனீயும், கொசுவினும் சற்றே பெரிதாய்க் கொட்டுதலறியாத கொசுத்தேனீயும் எனப் பலவகைத் தேனீக்கள் இக்காடுகளில் வாழ்கின்றன. இவற்றின் இயல்பறிந்து, புகையூட்டி, கோடரியாற் பொந்தின் வாயை அகலப்படுத்தித் தேனெடுக்கும் கலையில் வல்லவராய் விளங்கியோர் வேடர். குஞ்சங்குளம், மதுரங்கேணிக்குளம் முதலிய ஊர்களில் அவர்தம் வழித்தோன்றல்கள் இன்றும் வாழ்கின்றனர். வாகரைக்கு வடக்கேயுள்ள கொட்டியாரக் குடாவில் 1660ஆம் ஆண்டு சிறைப்பட்ட றொபேட் நொக்ஸ் என்ற ஆங்கிலேயர், பத்தொன்பது ஆண்டுகள் கண்டிநாட்டில் வாழ்ந்து தப்பிச் சென்று, 1681இல் வெளியிட்ட தம் நூலில் வேடரின் தேனைப்பற்றிக் குறித்துள்ளார். மரப்பொந்தில் தேனை வார்த்து, அதில் இறைச்சியை இட்டு, களிமண்ணால் வாயை அடைத்துப் பிற்காலத்துக்கென அவர்கள் சேமித்துவைத்தனர் என்பது அவர் தரும் செய்தி. எனவே தேன் வெறும் இன்சுவைப் பொருளன்று, பஞ்சகாலத்துக்குரிய வைப்புமாகும். 1911இல் வேடரைப்பற்றிப் பெருநூல் வெளியிட்ட செலிக்மன் தம்பதியர், கிழக்குக் கரையில் தமிழ் பேசி வாழ்ந்த கடலோர வேடரையும் நேரிற்கண்டு எழுதியுள்ளனர்.

தேனை அடுத்து நின்றவை காட்டுக் கனிகள். கச்சான் காற்று வீசி நிலம் வறண்டு கிடக்கும் மாதங்களிற் பாலைமரம் பொன்னிறக் கனிகளைச் சொரியும். வாயில் இட்டாற் பிசின்போல உதட்டில் ஒட்டும் அக்கனியின் இனிமைக்குக் கரடியும் சிறுவரும் ஒருங்கே போட்டியிடுவர். நாவலும் ஈச்சையும் விளாவும் தத்தம் பருவத்தில் வந்துபோகும். மட்டக்களப்பின் எருமைத் தயிர் புகழ்பெற்றது. மட்சட்டியில் உறைந்த அத்தயிரின்மேற் தேன் வார்த்து உண்பது இந்நாட்டின் பெருவிருந்து. இவற்றுக்கெல்லாம் பொதுவாயமைந்த பண்பு ஒன்றுண்டு. இவை யாவும் பருவத்துக்குக் கட்டுப்பட்டவை. மரம் பூத்தாலன்றித் தேனில்லை, கனிந்தாலன்றிப் பாலைப்பழமில்லை. ஆதலின், காத்திருத்தல் என்பது இனிப்பின் ஒரு பகுதியாகவே குழந்தைகளுக்கு அமைந்திருந்தது.

இனிச் சீனியின் கதைக்கு வருவோமாயின், அது தொடங்குமிடம் தொலைவிலன்று. கிறித்துவுக்கு முன் நான்காம் நூற்றாண்டில் அலெக்சாந்தரோடு சிந்து வெளிக்கு வந்த நியார்க்கஸ் என்ற கிரேக்கத் தளபதி, தேனீக்களின்றியே தேன் தரும் ஒருவகை நாணலைப்பற்றிக் கூறியதாகப் பண்டைய ஆசிரியர் எழுதிவைத்தனர். அந்த நாணலே கரும்பு. கரும்பை இவ்வுலகுக்குக் கொணர்ந்தோர் அதியமானின் முன்னோர் என ஔவையார் பாடிய செய்தி புறநானூற்றில் உண்டு. கரும்பாலைகளின் ஓசையும் புகையும் சங்கப் பாட்டுக்களிற் பேசப்படுகின்றன. கரும்புச் சாற்றைக் காய்ச்சிப் பளிங்குபோல உறைவிக்கும் நுட்பமும் இந்திய மண்ணிற் பிறந்ததே. சர்க்கரை என்ற சொல் சிறுகல்லைக் குறித்த வடசொல்லினின்றும் பிறந்தது. அச்சொல்லே பாரசீகத்தையும் அரபு நாட்டையும் கடந்து, மேனாட்டு மொழிகளிற் சீனியைக் குறிக்கும் பெயராயிற்று. கற்கண்டில் உள்ள ‘கண்டு’ என்பதோடு உறவுடைய சொல்லே ஆங்கிலத்தில் மிட்டாயைக் குறிக்கும் ‘கண்டி’ என்பதும். ஆக, ஆங்கிலச் சிறுவன் மிட்டாய் கேட்டு அழும்போதும் இந்தியச் சொல்லொன்றே அவன் வாயில் ஒலிக்கின்றது.

கீழ்த்திசையில் மருந்தாகவும் அரும்பொருளாகவும் இருந்த சர்க்கரை, மேற்றிசை சென்றதும் பெருவாணிகப் பொருளாயிற்று. கரிபியன் தீவுகளிற் பரந்த கரும்புத் தோட்டங்கள் எழுந்தன. அவற்றிலும் அமெரிக்கக் கண்டத்தின் பிற தோட்டங்களிலும் பணிபுரிவதற்கென ஆபிரிக்காவிலிருந்து ஏறத்தாழ 1 கோடியே 25 இலட்சம் மக்கள் அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டனர். கடலிலேயே மாண்டோர் பலர். 1700ஐ அண்டி இங்கிலாந்தில் ஒருவர் ஆண்டொன்றுக்கு உண்ட சீனி ஏறத்தாழ 4 இறாத்தல். 1800இல் அது 18 இறாத்தலாயிற்று. அந்நூற்றாண்டின் இறுதியில் 90 இறாத்தலை எட்டியது. இவ்வினிமையின் பின்னே நிற்கும் கொடுமையை உணர்ந்த ஆங்கில மக்களும் இல்லாமலில்லை. 1791ஐ அடுத்த ஆண்டுகளில் அடிமை விளைத்த சீனியைத் தீண்டோம் என விலக்கியோர் தொகை 3 இலட்சம் வரையிருக்கும் என அடிமை ஒழிப்பு இயக்கத்தவரான தோமஸ் கிளாக்சன் மதிப்பிட்டார். அடிமை வாணிகம் 1807இலும், பிரித்தானியக் குடியேற்ற நாடுகளின் அடிமை முறை 1833இல் இயற்றப்பட்ட சட்டத்தாலும் ஒழிக்கப்பட்டன.

ஆயினும் கரும்புக்கு ஆள் வேண்டுமே! அவ்விடத்தை நிரப்ப ஒப்பந்தக் கூலிகளாக இந்தியர் அனுப்பப்பட்டனர். 1834 முதல் மொரீசியசுக்கும், 1860 முதல் நேட்டாலுக்கும், 1879 முதல் பீஜிக்கும் கப்பல்கள் சென்றன. 1860 நவம்பர் 16ஆம் நாள் டேர்பன் துறையை அடைந்த ‘துரூரோ’ என்ற கப்பல் சென்னையிலிருந்தே புறப்பட்டது. பீஜித் தீவின் கரும்புத் தோட்டங்களிற் பெண்கள் பட்ட துயரத்தைப் பாரதியார் பாடியதைத் தமிழுலகம் மறக்கவில்லை. இலங்கை மலைநாட்டிலோ தமிழ்த் தொழிலாளர் பறித்த தேயிலை, இங்கிலாந்தின் ஏழை வீடுகளில் அச்சீனியோடு ஒரே கோப்பையிற் கலந்தது. மிட்டாயின் வரலாற்றை எழுதப்புகுவோன் இம்மக்களின் வியர்வையை எழுதாது விடுவானாயின், அவ்வரலாறு பாதியே ஆகும்.

மலிந்த சீனி மிட்டாய்த் தொழிலை வளர்த்தது. அதன் தொடக்கத்தை நோக்கினால், மிட்டாய்க்கடைக்கு மூத்தது மருந்துக்கடை என்பது புலனாகும். தமிழ் மருத்துவர் இருமலுக்கு அளிக்கும் அதிமதுரமே இங்கிலாந்தின் பொன்ரிபிராக்ற் என்ற ஊரிலும் மருந்தாய் விளைவிக்கப்பட்டு, 1760ஐ அண்டிச் சீனி சேர்க்கப்பெற்றுச் சிறுவர் விரும்பும் கரிய மிட்டாயாயிற்று. கசப்பு மருந்தைத் தேனில் குழைத்து ஊட்டிய தமிழ்த் தாயும், விதையைச் சீனியாற் பொதிந்து விற்ற மேனாட்டு மருந்து வாணிகனும் கையாண்டது ஒரே உபாயமே. 1847இல் பிரிஸ்ரல் நகரத்து பிரை நிறுவனத்தார் கடித்துண்ணும் சொக்கலேற் கட்டியை ஆக்கினர். 1874இற் சீனி மீதிருந்த இறக்குமதி வரி நீக்கப்பட்டதும் தொழிலாளர் குடும்பத்துக் குழந்தைக்கும் மிட்டாய் எட்டும் பொருளாயிற்று. 1890இல் ஹலிபாக்ஸ் நகரிற் சிறுகடை வைத்திருந்த ஜோன் மெக்கின்ரொஷும் அவர் மனைவி வயலெற்றும் வெண்ணெயும் சீனியும் சேர்ந்த மெல்லிய டொபியை ஆக்கிப் பெரும்பெயர் பெற்றனர். முதலாம் உலகப்போர் முடிந்த 1918இற் குழந்தை வடிவான கூழ்மிட்டாய் ஒன்று ‘சமாதானக் குழந்தைகள்’ என்ற பெயரோடு வெளிவந்தது. அக்காலத்தவர் எதற்கு ஏங்கினர் என்பதை ஒரு மிட்டாயின் பெயரே காட்டிவிடுகின்றது.

ஆங்கிலேயர் ஆட்சியில் இவ்வகை மிட்டாய்களும் அவற்றை ஆக்கும் முறையும் இலங்கைத் துறைமுகங்களை அடைந்தன. எனினும் வாகரை போன்ற ஊர்களை அவை சென்றடைதல் எளிதாயிருக்கவில்லை. 1928இற் புகைவண்டிப் பாதை மட்டக்களப்பை எட்டியபின் வாழைச்சேனைவரை பண்டங்கள் தடையின்றி வந்தன. அதற்கு வடக்கே மணற்பாதையும், களப்பும், ‘பாதை’ என்றே இந்நாட்டார் வழங்கும் ஆற்று மிதவைகளுமே வழி. மாரியில் வெள்ளம் பெருகினாற் போக்குவரத்து நின்றுவிடும். இத்தனையும் கடந்து வந்த மிட்டாய், கடைப்பலகையிற் கண்ணாடிப் போத்தலுக்குள் நிறந்தோன்ற வீற்றிருந்தபோது, சிறுவர் கண்ணுக்கு அது அரும்பொருளாகத் தோன்றியதில் வியப்பில்லை.

வந்த பொருளுக்குத் தம் ஊர்ப் பெயரைச் சூட்டிக்கொள்வது தமிழ்ச் சிறுவரின் இயல்பு. தோடஞ்சுளை வடிவாய் வார்க்கப்பட்ட புளிப்பினிப்பு, தோடம்பழ இனிப்பாயிற்று. சீரகத்தையோ சோம்பையோ நடுவில் வைத்துச் சீனி பொதிந்த சிறுமணி, பல்லி முட்டாசாயிற்று. பஞ்சாய் நூலாய் இழையோடும் சீனிக்கு, தேங்காய்த் தும்பையே கண்டு பழகிய சிறுவர் தும்பு முட்டாசு என்று பெயரிட்டனர். காகிதத்திற் சுற்றிய கரிய புல்டோவோ பல்லில் ஒட்டி நெடுநேரம் நின்றமையால், கொடுத்த காசுக்கு மிக்க பயன் தருவதாகப் போற்றப்பட்டது. இவற்றோடு கச்சான் அல்வாவும், எள்ளுருண்டையும், பனங்கட்டியும், முஸ்லிம் ஊர்களிற் கைதேர்ந்தோர் கிண்டிய தொதலும் மஸ்கற்றும் ஒரே வரிசையில் அமர்ந்தன. மேனாட்டுச் சரக்கு, உள்ளூர்ச் சரக்கு என்ற வேற்றுமை பெரியோருக்குத் தெரிந்திருக்கலாம். சிறுவர் நாவுக்கு அது தெரியாது.

செய்முறையை நோக்கினும் வேற்றுமை பெரிதன்று. சீனியில் நீர் சேர்த்துக் காய்ச்சினாற் பாகு ஒற்றைக் கம்பிப் பதம், உருண்டைப் பதம் என ஒவ்வொரு பதமாக ஏறும். உருண்டைப் பதத்தில் இறக்கினால் எள்ளுருண்டைக்கு ஆகும். ஏறத்தாழ 150 பாகை வெப்பம் வரை காய்ச்சி விரைந்து ஆறவிட்டாற் சீனி மீண்டும் மணியாக உறையாது. கண்ணாடிபோல ஒளியூடுருவும் கட்டியாகும். தோடம்பழ இனிப்பின் பளபளப்புக்குக் காரணம் இதுவே. பாகு பூத்துவிடாதிருக்க இல்லத்தரசி இடும் தேசிப்புளித் துளி செய்யும் வேலையையே, மேனாட்டுத் தொழிற்சாலையில் இடும் புளிப்புப் பொருளும் செய்கின்றது. அடுப்படியில் அம்மா அறிந்திருந்த கலையே ஆலையிற் பெருகியது என்று கூறின் அது மிகையாகாது.

இம்மிட்டாய் சிறுவர் கைக்கு எட்டிய நாட்கள் சிலவே. சித்திரை வருடப் பிறப்பிற் பெரியோர் தந்த கைவிசேஷம் ஒன்று. கோயில் திருவிழா மற்றொன்று. வெருகல் சித்திரவேலாயுத சுவாமி கோயில் திருவிழாவுக்கு அயலூர்கள் அனைத்தும் திரண்டு செல்லும். கதிர்காமத்துக்குக் கால்நடையாகச் செல்லும் அடியாரும் இக்கரையோரமாகவே வருவர். ஆற்றங்கரை மணலில் எழும் கச்சான் கடைகளும் மிட்டாய்க் கடைகளுமே சிறுவர் கண்ணுக்குத் திருவிழாவின் நடுவிடம். நாற்கோணமான ஐந்து சதக் காசொன்று கையிலிருந்தால், எதை வாங்குவது என்ற எண்ணத்திலேயே அரைநாள் கழியும். வீட்டில் உணவைத் தெரிவோர் பெரியோர். அந்தக் கடை முன்னிலையிலோ தெரிவு சிறுவனுடையது. ஒருவன் வாழ்வில் முதன்முதலாகத் தானே எண்ணித் தானே கொடுத்துத் தானே பெற்ற பொருள் பெரும்பாலும் மிட்டாயாகவே இருந்தது.

பெற்ற பின்னரோ பகிர்வு. மிட்டாயைச் சட்டைத் துணியில் மூடிப் பல்லாற் கடித்து உடைத்து, எச்சிற்படாதென்ற உறுதியோடு தோழனுக்குக் கொடுக்கும் ‘காக்காக்கடி’ தமிழ்நாட்டிலும் ஈழத்திலும் ஒருங்கே வழங்கிய குழந்தை அறம். பாதி பெற்றவன் அடுத்த திருவிழாவிற் பாதி கொடுக்கக் கடமைப்பட்டவன். எழுதாத அவ்வொப்பந்தத்தைச் சிறுவர் மீறுவது அரிது.

அருமையே இனிப்பை நினைவில் நிறுத்துகின்றது என்பதற்கு மேனாட்டிலும் ஒரு சான்றுண்டு. இரண்டாம் உலகப்போரின்போது, 1942 ஜூலை 26 முதற் பிரித்தானியாவில் மிட்டாய்க்குப் பங்கீடு விதிக்கப்பட்டது. அப்பதினோராண்டின் பெரும்பகுதியில் ஒருவருக்குக் கிடைத்தது வாரத்துக்கு 3 அவுன்சு அளவே. 1949 ஏப்பிரலிற் கட்டுப்பாடு நீக்கப்பட்டதும் மக்கள் கடைகளை வெறுமையாக்கினர். நான்கு மாதத்துக்குள் பங்கீடு மீண்டும் வந்தது. 1953 பெப்ரவரி 5ஆம் நாள் அது முற்றாக நீங்கியபோது பள்ளிச் சிறுவர் சேமித்த காசோடு கடைகளுக்கு ஓடினர். பங்கீட்டின் கீழ் வளர்ந்த அத்தலைமுறையினர் முதுமையிலும் தம் இளமை மிட்டாய்களின் பெயர்களை மறவாது சொல்லி மகிழ்ந்தனர். கடைநிறையச் சரக்கிருந்த நாளினும், கிடைக்காத நாளே அச்சுவையை அவர்களுக்கு நெஞ்சில் எழுதிற்று.

ஈழத்திலும் அத்தகைய காலங்கள் வந்தன. உலகப்போர்க் காலத்துக் கூப்பன் முறையை முதியோர் கண்டனர். 1970 முதல் 1977 வரை இறக்குமதி சுருங்கியபோது சீனி அளந்தே கிடைத்தது. உள்ளங்கையிற் சிறிது சீனியை வைத்து நக்கிக்கொண்டும், பனங்கட்டியைக் கடித்துக்கொண்டும் வெறுந்தேநீர் பருகினர். கந்தளாயிலும் ஹிங்குராணையிலும் 1960களில் இயங்கிய சீனித் தொழிற்சாலைகளும் நாட்டின் தேவையை நிறைவுசெய்ய இயலவில்லை. பின்னர் வாகரை கண்ட துயரமோ மிகப் பெரிது. 2004 டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலை கரையோரத்தை அழித்தது. 2006 இறுதியிலும் 2007 தொடக்கத்திலும் போர் ஊரைச் சூழ்ந்தது. பாதைகள் அடைபட்டு உணவே அரிதாயிற்று. உயிரிழந்தோர் போக எஞ்சியோர் ஊரைவிட்டு வெளியேறினர். இனிப்பைப்பற்றிப் பேசும் இடத்தில் இவற்றை ஏன் சொல்லவேண்டும் எனின், அக்காலத்தில் அங்கு பிள்ளைப் பருவத்தைக் கழித்தவர்களும் உளர். திருவிழாவும் கடையும் காசும் இல்லாத பருவம் அவர்களுடையது. மிட்டாயை நினைவிற் கொள்ளுதலும் அமைதிக்காலம் வழங்கும் செல்வங்களுள் ஒன்றென்பதை அவர்கள் வாழ்வு உணர்த்துகின்றது.

இனிப்பு நெஞ்சில் நிலைபெறுதற்கு உடலியலும் காரணம் காட்டுகின்றது. இனிப்பை விரும்புதல் பிறவியிலேயே அமைந்தது, தாய்ப்பாலும் இனியதே. மணத்தை உணரும் நரம்புகள் மூளையில் உணர்ச்சிக்கும் நினைவுக்கும் உரிய பகுதிகளோடு நெருங்கிய தொடர்புடையன. ஆதலாற் பாகின் வாசனை ஒன்றே பல்லாண்டு பழகிய முகங்களை ஒரு கணத்தில் எழுப்பிவிடும். ஆயின் நினைவில் எழுவது சீனி மட்டுமன்று. காசு தந்த அம்மப்பாவின் கை, கடைக்காரர் போத்தலைத் திறந்த ஓசை, பாதி கடித்துத் தந்த தோழன் ஆகிய யாவும் சேர்ந்தே எழுகின்றன. வெறுஞ்சீனியை வாயிலிட்டுக்கொள்வோருக்கு இந்நினைவு வருவதில்லை என்பதே இதற்குத் தக்க சான்று.

இன்று நிலை மாறிவிட்டது. போருக்குப் பின்னர்ப் பாலங்கள் அமைந்து, மிதவைக்குக் காத்திருந்த காலம் ஒழிந்தது. வண்ணத்தாளிற் சுற்றிய இனிப்புக்கள் நாள்தோறும் எல்லாக் கடைகளிலும் தொங்குகின்றன. காத்திருத்தல் நீங்கியது நன்மையே. ஆயினும் அளவும் அதனோடு நீங்கியது. பிரித்தானியாவின் சீனிப் பங்கீட்டுக் காலத்திற் கருவுற்றுப் பிறந்தோரை ஆராய்ந்து 2024இல் ‘சயன்ஸ்’ என்ற அறிவியல் இதழில் வெளியான ஆய்வொன்று, வாழ்வின் முதல் ஆயிரம் நாட்களிற் சீனி குறைவாகக் கிடைத்தோருக்குப் பிற்காலத்தில் இரண்டாம் வகை நீரிழிவு ஏற்படும் அபாயம் ஏறத்தாழ 35 வீதம் குறைந்திருந்தது எனக் காட்டுகின்றது. பற்றாக்குறையாற் பெற்ற அந்நன்மையை, நிறைவுள்ள காலத்தில் அறிவினாலேயே பெறுதல் வேண்டும்.

தேன்நாடு என்ற பெயரோ காட்டை நம்பி நிற்பது. காடு குறையிற் தேனீ குறையும். தேனெடுக்கும் கலையறிந்த முதியோர் மறையின் அவ்வறிவும் மறையும். பாலைமரத்தின் கீழ் நின்றறியாத பிள்ளைக்குப் பாலைப்பழம் ஒரு சொல்லாகவே எஞ்சும். தோடம்பழ இனிப்பைப் போத்தலில் அடைத்து எந்நாட்டிலும் விற்கலாம். வாகரைக் காட்டின் தேனையோ அக்காட்டின் பூக்களே ஆக்கவேண்டும். மேனாட்டு மிட்டாயைத் தம்முடையதாக்கிக்கொண்ட முன்னோர் அதற்காகத் தேனைக் கைவிட்டாரல்லர். இரண்டையும் ஒரே நாவில் வைத்துப் போற்றினர். அவர்தம் பேரப்பிள்ளைகளின் நினைவிலும் இரண்டுக்கும் இடமிருத்தல் வேண்டுமாயின், ஆண்டில் ஒருமுறையேனும் அப்பிள்ளைகளைப் பாலை பழுக்கும் காலத்திற் காட்டோரம் அழைத்துச் சென்று, தயிரின்மேல் ஒரு கரண்டித் தேன் வார்த்துக் கொடுத்தல் பெரியோர் கடன்.